தேர்வு எழுதிய மகளுக்கு ‘ஆப்சென்ட்’: எங்கே முறையிடுவது?

கேள்வி: என் மகள் வெளியூர்க் கல்லூரியில் பி.எஸ்சி. முடித்தாள். எல்லாத் தேர்வும் எழுதியும், ஒரு தாளுக்கு ‘ஆப்சென்ட்’ என்று ரிசல்ட் வந்திருக்கிறது. கல்லூரியில் கேட்டால் பல்கலைக்கழகத்துக்குப் போகச் சொல்கிறார்கள். அங்கே போனால் கல்லூரிக் கடிதம் கேட்கிறார்கள். எம்.எஸ்சி. அட்மிஷன் முடியப்போகிறது. கடலூர் நுகர்வோர் ஆணையத்தில் வழக்குப் போடலாமா?
- ஒரு தாய், சிதம்பரம்

பதில்: வேண்டாம் அம்மா. பீகாரில் ஒரே தேர்வு எண்ணை இரண்டு பேருக்குக் கொடுத்ததால் ஒரு மாணவரின் ரிசல்ட் வராமல் போனது. நுகர்வோர் மன்றங்கள் இழப்பீடு கொடுக்கச் சொல்லியும், 2009-இல் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. தேர்வு நடத்துவது விற்கும் சேவை அல்ல, தேர்வு எழுதுபவர் நுகர்வோரும் அல்ல என்பது தீர்ப்பு. எனக்கு அதில் மனக்குறை உண்டு. பிள்ளை பறிகொடுத்த வருஷத்துக்கு யார் பதில் சொல்வது? ஆனாலும் இன்றைய சட்டம் அதுதான். கடலூருக்கு அலைந்து நாளைக் கழிக்காதீர்கள்.

ஹால் டிக்கெட்டைப் பத்திரப்படுத்துங்கள். அதைவிட முக்கியமானது தேர்வறை வருகைப் பதிவுத்தாள். அன்று விடைத்தாள் எண்ணை எழுதி உங்கள் மகள் கையெழுத்துப் போட்டிருப்பாள். அந்த ஒரு வரி கிடைத்தால் ‘ஆப்சென்ட்’ நிற்காது. தேர்வுக் கட்டுப்பாட்டு அலுவலருக்கு மகள் பெயரிலேயே மனு எழுதி, ஹால் டிக்கெட் நகலோடு ஒப்புகை அட்டை வைத்து ஸ்பீட் போஸ்டில் அனுப்புங்கள். கல்லூரி முதல்வருக்கும் ஒரு நகல் போகட்டும். வாயால் கேட்டதற்குச் சாட்சி கிடையாது.

அன்றே தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் பத்து ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டி, வருகைப் பதிவில் அவளுடைய வரியின் நகலையும் விடைத்தாள் நகலையும் கேளுங்கள். திருத்திய விடைத்தாளைப் பார்க்க மாணவருக்கு உரிமை உண்டு என்று சி.பி.எஸ்.இ. வழக்கில் 2011-இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. பதில் தர 30 நாள் அவகாசம். வராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு. தள்ளிப்போடாதீர்கள். விடைத்தாளைக் குறிப்பிட்ட காலம்தான் வைத்திருப்பார்கள். அழித்த பிறகு எந்தச் சட்டமும் அதைக் கொண்டுவராது.

மறுமதிப்பீட்டுக்குப் பணம் கட்டச் சொன்னால் கட்டாதீர்கள். மார்க்கே போடாத தாளில் மறுமதிப்பீடு எங்கிருந்து வரும்? துணைத்தேர்வு எழுத நேர்ந்தால், ‘என் உரிமையை விட்டுக்கொடுக்காமல் எழுதுகிறேன்’ என்று எழுதிக் கொடுத்துவிட்டு எழுதட்டும்.

அட்மிஷன் தேதி நெருங்கினால் 30 நாள் காத்திருக்க வேண்டாம். மனு அனுப்பிய ரசீதோடு அரசியலமைப்பின் 226-ஆம் பிரிவின்கீழ் ரிட் மனு போடலாம். நீங்கள் குடியிருக்கும் ஊரை வைத்து அல்ல, பல்கலைக்கழகமும் கல்லூரியும் இருக்கும் மாவட்டத்தைப் பொறுத்து, சென்னை உயர் நீதிமன்றத்திலோ அதன் மதுரைக் கிளையிலோ போட வேண்டும். மார்க் குறைவு என்று போனால் நீதிபதிகள் தயங்குவார்கள். விடைத்தாள் திருத்துவது நீதிமன்றத்தின் வேலையல்ல என்று 2018-இல் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. உங்கள் மகளுடையது பதிவேட்டுப் பிழை. வந்தாளா இல்லையா என்பதற்குக் காகிதமே பதில் சொல்லும் என்பதால் உங்கள் வழக்கு வலுவானது. தற்காலிகமாகச் சேர்த்துக்கொள்ள இடைக்கால உத்தரவும் கேட்கலாம்; எம்.எஸ்சி. நடத்தும் கல்லூரியையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும்.

வக்கீல் ஃபீஸை நினைத்துத் தயங்காதீர்கள். 1987-ஆம் ஆண்டின் சட்டப்பணிகள் ஆணைக்குழுச் சட்டப்படி பெண்களுக்கு வருமான வரம்பு இல்லாமல் இலவச சட்ட உதவி உண்டு. சிதம்பரம் நீதிமன்ற வளாகத்தில் வட்டச் சட்டப்பணிகள் குழுவில் மகளையே கையெழுத்துப் போட்டு மனு கொடுக்கச் சொல்லுங்கள். உயர் நீதிமன்றக் குழுவுக்கு அனுப்பி வைப்பார்கள்.