கலைவாணர் நடத்திய சிரிப்புப் பாடம்

மலாயாவில் இரப்பர் ஒரு வணிகப் பயிராக முதன்முதலில் வேரூன்றிய மண் மலாக்கா. 1896-ஆம் ஆண்டில் தான் சாய் யான் என்பவர் புக்கிட் லிந்தாங்கில் இரப்பர்க் கன்றுகளை நட்டார். பின்னர், புக்கிட் அசகானில் பெருந்தோட்டம் ஒன்றை உருவாக்கினார். அதன் பின்னர் ஜாசின், அலோர் காஜா வட்டாரங்களில் தோட்டங்கள் பெருகின. தமிழகத்திலிருந்து வந்த தொழிலாளர்கள் அங்கே பால்மரம் வெட்டினர். லயத்து வீடுகளில் வாழ்ந்தனர். விடியுமுன் பெரட்டுக்கு எழுந்து, நாள் முழுதும் உழைத்தவர்களுக்குக் கிடைத்த பொழுதுபோக்குகள் சிலவே. கோயில் திருவிழாவும் கூத்தும் நாடகமும் எப்போதாவது வந்தன. கள்ளுக்கடையோ நாள்தோறும் திறந்திருந்தது.

இரண்டாம் உலகப் போருக்குப் பிந்திய ஆண்டுகளில் தோட்டத் திடல்களில் படம் காட்டும் வழக்கம் பரவியது. இரண்டு கம்பங்களுக்கு இடையே வெள்ளைத் துணி கட்டப்படும். பொழுது சாயும் முன்பே சிறுவர்கள் பாயையும் சாக்கையும் விரித்து இடம் பிடித்துவிடுவர். பட்டணத்துத் திரையரங்குக்குப் போக வசதியில்லாத முதியோரும் பெண்களும் அன்று படம் பார்த்தனர். கதாநாயகன் பாடும்போது அமைதியாக இருந்த கூட்டம், நகைச்சுவை நடிகர் தோன்றியதும் கலகலத்தது. அவ்வாறு தமிழர் வாழ்ந்த இடமெல்லாம் சிரிப்பொலியை எழுப்பிய முன்னோடிக் கலைஞர்களுள் முதன்மையானவர் கலைவாணர் என். எஸ். கிருஷ்ணன்.

கிருஷ்ணன் 1908-ஆம் ஆண்டு நவம்பர் 29-ஆம் நாள் நாகர்கோவிலை அடுத்த ஒழுகினசேரியில் பிறந்தார். குடும்பத்தில் வறுமை வாட்டியது. ஆகவே, அவருடைய படிப்பு தொடக்கப்பள்ளியோடு நின்றது. நாடகக் கொட்டகையில் தின்பண்டம் விற்ற சிறுவனின் கண்கள் விற்பனையை விட மேடையையே நாடின. அவ்வூர்ப் பக்கம் புகழ்பெற்றிருந்த வில்லுப்பாட்டும் அவரை ஈர்த்தது. 1925-ஆம் ஆண்டில் டி. கே. எஸ். சகோதரர்கள் தொடங்கிய நாடகக் குழுவில் அவர் சேர்ந்தார். இளம் நடிகர்கள் ஒன்றாகத் தங்கி, பாட்டும் வசனமும் பயின்ற அக்குழுவே அவருக்குப் பள்ளிக்கூடமாயிற்று. எந்த வேடமானாலும் ஏற்று நடிக்கும் திறமையை அவர் அங்கே பெற்றார்.

தமிழின் முதல் பேசும்படமான 'காளிதாஸ்' 1931-ஆம் ஆண்டில் வெளிவந்தது. பேசவும் பாடவும் தெரிந்தவர்கள் நாடக மேடையில்தான் இருந்தனர். அதனால், படத் தயாரிப்பாளர்கள் நாடகக் குழுக்களை நாடினர். கிருஷ்ணனும் அவ்வழியே திரையுலகில் நுழைந்தார். 1935-இல் 'மேனகா', 1936-இல் 'சதி லீலாவதி' ஆகிய படங்களில் நடித்தார். எம். ஜி. இராமச்சந்திரனுக்கு முதல் படமாக அமைந்ததும் 'சதி லீலாவதி'தான். எஸ். எஸ். வாசன் எழுதிய அக்கதையில், குடிப்பழக்கத்தால் நிலைகுலைந்த ஒருவன் இலங்கைக்கு ஓடிப்போய்த் தேயிலைத் தோட்டத்தில் கூலியாக உழைக்கிறான். குடியின் கேடும் தோட்ட வாழ்வின் துன்பமும் தமிழ்த்திரையின் தொடக்கக் காலத்திலேயே பேசப்பட்டன என்பதற்கு அப்படம் சான்றாகும்.

அக்காலப் படங்களில் நகைச்சுவை என்பது பெரும்பாலும் கதைக்கு இடையே வரும் தனிப்பகுதியாகவே இருந்தது. கிருஷ்ணன் அந்தப் பகுதியைத் தம் சொந்த மேடையாக மாற்றிக்கொண்டார். காட்சிகளைத் தாமே அமைத்தார். 1936-இல் 'வசந்தசேனா' படத்தின்போது அறிமுகமான நடிகை டி. ஏ. மதுரம் அவருடைய கலைத்துணையாகவும் பின்னர் வாழ்க்கைத் துணையாகவும் ஆனார். இருவரும் இணைந்து நடித்த காட்சிகளில் மூடநம்பிக்கை, சாதி வேற்றுமை, வீண்பெருமை ஆகியவை கேலிக்கு உள்ளாயின. ஆனால், அக்கேலி எவர் மனத்தையும் புண்படுத்தும் நோக்கில் எழவில்லை. பெரும்பாலும் கிருஷ்ணனே அறியாமை மிக்கவராக நடித்து, மதுரத்தின் கேள்விகளுக்கு விடை தெரியாமல் விழிப்பார். பார்ப்பவர்கள் அவரைப் பார்த்துச் சிரித்தனர். சிரித்து முடித்தபின் தங்களையும் ஒருமுறை எண்ணிப் பார்த்தனர்.

'அம்பிகாபதி', 'சகுந்தலை', 'கண்ணகி', 'ஹரிதாஸ்' எனப் படங்கள் தொடர்ந்தன. குன்றின்மேலிட்ட விளக்கைப் போல அவருடைய புகழ் ஓங்கியிருந்த நேரத்தில் பேரிடி விழுந்தது. 1944-ஆம் ஆண்டு நவம்பரில் இலட்சுமிகாந்தன் என்ற பத்திரிகையாளர் சென்னையில் கொலை செய்யப்பட்டார். அவ்வழக்கில் கிருஷ்ணனும் புகழ்பெற்ற நடிகர் எம். கே. தியாகராஜ பாகவதரும் கைதாயினர். இருவருக்கும் ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டது. மேல்முறையீடு இலண்டன் பிரிவி கவுன்சில் வரை சென்றது. இறுதியில், 1947-ஆம் ஆண்டு ஏப்ரலில் இருவரும் விடுதலை பெற்றனர்.

கிருஷ்ணன் சிறையில் இருந்தபோது மதுரம் மனம் தளரவில்லை. நடிகர் எஸ். வி. சகஸ்ரநாமத்தின் துணையோடு நாடகக் குழுவை நடத்தினார். அக்குழுவின் 'பைத்தியக்காரன்' நாடகம் திரைப்படமாக்கப்பட்டபோது, விடுதலையான கிருஷ்ணனும் அதில் நடித்தார். சிறை வாழ்க்கை பாகவதரின் திரைப்புகழை மங்கச் செய்தது. கிருஷ்ணனோ மீண்டும் மக்களைச் சிரிக்க வைத்தார். முன்னிலும் துணிவாகச் சீர்திருத்தக் கருத்துகளைப் பேசினார்.

அத்துணிவுக்குச் சான்று, 1949-இல் வெளிவந்த 'நல்லதம்பி'. சி. என். அண்ணாதுரை கதை வசனம் எழுதிய அப்படம் மதுவிலக்கை வலியுறுத்தியது. அதில் இடம்பெற்ற 'கிந்தனார்' கதாகாலட்சேபம் பெரும்புகழ் பெற்றது. ஒடுக்கப்பட்ட குலத்தில் பிறந்த சிறுவன் ஒருவன் கல்வியை நாடிச் செல்லும் கதை அது. பல சாதியினரும் ஒரே இரயிலில் ஒன்றாக அமர்ந்து பயணம் செய்வதைக் கிருஷ்ணன் அதில் நகைச்சுவையோடு எடுத்துக்காட்டினார். பழைய காலட்சேப வடிவத்தில் புதிய கருத்தைப் புகுத்தியதால், எழுதப் படிக்கத் தெரியாதவரும் அதைப் புரிந்துகொண்டனர்.

இக்கருத்துகள் மலாயாத் தோட்டங்களுக்கு அயலானவை அல்ல. கள்ளுக்கடை பல குடும்பங்களின் கூலியை விழுங்கிக்கொண்டிருந்தது. 1947-ஆம் ஆண்டில் கெடாவில் தொண்டர் படையினர் கள்ளுக்கடைகளை எதிர்த்து மறியல் செய்தனர். குடிப்பவனைத் திட்டினால் அவன் சினம் கொள்வான். அடுத்த நாளும் குடிப்பான். திரையில் ஒரு குடிகாரன் தள்ளாடும்போது அவனும் மனைவி மக்களோடு சேர்ந்து சிரிப்பான். அந்தச் சிரிப்பில் அவனுக்கும் ஒரு பாடம் இருந்தது. சொல்ல முடியாமல் வாய்மூடி இருந்த மனைவியின் குறையும் அதில் ஒலித்தது.

வில்லுப்பாட்டைக் கிருஷ்ணன் கைவிடவே இல்லை. காந்தியடிகளின் வரலாற்றை வில்லிசையில் பாடிப் பரப்பினார். இளம் கவிஞர் சுப்பு ஆறுமுகத்தைச் சென்னைக்கு அழைத்து வந்து ஊக்குவித்தார். ஈட்டிய பொருளைச் சேர்த்து வைக்கும் வழக்கமும் அவரிடம் இல்லை. உதவி நாடி வந்தோருக்கு வாரி வழங்கினார். இறுதிக் காலத்தில் பொருள்நெருக்கடி ஏற்பட்டபோதும் கொடுக்கும் குணம் மாறவில்லை.

1956-ஆம் ஆண்டு பிப்ரவரி 20-ஆம் நாள், மலாக்கா பண்டார் ஹிலிர் திடலில் துங்கு அப்துல் ரஹ்மான் நாட்டின் விடுதலை நாளை அறிவித்தார். அந்நாளுக்காக மலாயாவே காத்திருந்த வேளையில், 1957-ஆம் ஆண்டு ஆகஸ்டு 30-ஆம் நாள், சென்னையில் கலைவாணர் காலமானார். அப்போது அவருக்கு வயது 48. மறுநாள் மலாயா சுதந்திர நாடாக மலர்ந்தது. 1969-ஆம் ஆண்டு ஜனவரியில், நோயுற்றிருந்த நிலையிலும் முதலமைச்சர் அண்ணாதுரை சென்னைத் தியாகராய நகரில் கலைவாணரின் சிலையைத் திறந்துவைத்தார். அடுத்த மாதமே அண்ணாதுரையும் மறைந்தார்.

இன்று மலாக்காவின் இரப்பர்த் தோட்டங்கள் பல செம்பனைத் தோட்டங்களாகவும் குடியிருப்புகளாகவும் மாறிவிட்டன. லயத்து வீடுகளில் வளர்ந்தவர்களின் பிள்ளைகள் பட்டணங்களில் வாழ்கின்றனர். வெள்ளைத் துணி கட்டிய திடல்கள் முதியோரின் நினைவில் மட்டுமே உள்ளன. ஆயினும், பிறரை இழிவுபடுத்திச் சிரிக்கும் வழக்கம் பெருகிவரும் இக்காலத்தில், தம்மையே கேலிப்பொருளாக்கி மற்றவரைத் திருத்த முயன்ற கலைவாணரின் வழி எண்ணிப் பார்க்கத்தக்கது. நான்காண்டுப் படிப்பைக்கூடத் தாண்டாத ஒருவர், பல்லாயிரம் பேருக்கு ஆசிரியராக விளங்கினார். அவர் கையில் பிரம்பு இல்லை. சிரிப்பு மட்டுமே இருந்தது.