அவர்கள் ஓடவில்லை, நடந்தார்கள்

பொங்கல் லீவில் செல்போனில் ஒரு பழைய ஊமைப்படத் துண்டு பார்த்துக்கொண்டிருந்தேன். 1911 டிசம்பரில் ஐந்தாம் ஜார்ஜ் மன்னர் தர்பாருக்காக டெல்லி வந்தபோது நடந்த ராணுவ அணிவகுப்பு. எட்டிப் பார்த்த அப்பா, "ராஜா முன்னாடி இப்படியாடா குடுகுடுன்னு ஓடுவாங்க?" என்றார். நான் முழித்தேன். எங்கள் வீட்டில் காலேஜ் வாசலை மிதித்த முதல் ஆள் நான்தான். மெஷின் விஷயத்தில் எனக்குப் பதில் தெரியாததை அப்பா பார்த்துவிட்டாரே என்று அன்று ராத்திரி தூக்கம் வரவில்லை.

லீவு முடிவதற்குள் தேடிப் படித்தேன். அந்தக் காலக் கேமராவில் பெரும்பாலும் கையால்தான் கைப்பிடியைச் சுற்ற வேண்டும். ஒரு சுற்றுக்கு 8 படம், விநாடிக்கு 2 சுற்று, ஆக 16 படம். பேசும் படம் வந்தபின் விநாடிக்கு 24 என்று நிலைத்தது. 16-ல் எடுத்ததை 24-ல் ஓட்டினால் வேகம் ஒன்றரை மடங்கு. பாவம், சிப்பாய்மேல் குற்றமில்லை.

ஆனால் மனுசன் கை எப்போதும் ஒரே சீராகச் சுற்றுமா? அப்படியானால் அசல் வேகத்தை எப்படிப் பிடிப்பது? கடைத்தெருக் காட்சி என்றால் கஷ்டம்தான். அணிவகுப்பில் வழி இருக்கிறது, நண்பர்களே! காலாட்படையின் வேகநடை நிமிடத்துக்குச் சுமார் 120 எட்டு. (ரைபிள் ரெஜிமெண்டுகள் இன்னும் வேகம், அவர்களை விட்டுவிடுங்க.) இடது கால் தரையில் படுவதை மட்டும் 15 விநாடி எண்ணி, 8-ஆல் பெருக்குங்க. எனக்குச் சுமார் 180 வந்தது. 120-ஐ 180-ஆல் வகுத்து 24-ஆல் பெருக்கினால் 16! நோட்டில் இரண்டு தடவை போட்டுப் பார்த்தேன்.

அதே தர்பாரை சார்லஸ் அர்பன் கம்பெனி கினிமாகலர் முறையில் வண்ணத்திலும் எடுத்தது. சுழலும் சிவப்பு, பச்சை வடிகட்டி வழியாக விநாடிக்கு 32 படம். சிவப்புக்கு ஒன்று, பச்சைக்கு அடுத்தது. அந்த இடைவெளியில் கால் நகர்ந்துவிடுவதால், நடக்கிறவர் ஓரத்தில் சிவப்பும் பச்சையும் பிசிறடிக்கும். 1912 பிப்ரவரியில் லண்டனில் திரையிட்ட அந்த நீண்ட படத்தில் பெரும்பகுதி தொலைந்துபோனது. அணிவகுப்புச் சுருள் 2000-ஆம் ஆண்டில் ரஷ்யாவில் கிடைத்தது.

ஊருக்குப் போனபோது வேகத்தை 0.75-ல் வைத்து அப்பாவிடம் காட்டினேன். உற்றுப் பார்த்துவிட்டு, "இன்னும் கொஞ்சம் வேகமாத்தான் போறாங்க" என்றார். கணக்குப் போட்டேன்: 135 எட்டு. அப்பா சொன்னது சரி.