நாலுகால் பாய்ச்சல் கூடாத பந்தயம்

இரு சக்கர வண்டி பூட்டிய குதிரைகளின் பந்தயத்தில் நாலுகால் பாய்ச்சல் கூடாது. பாய்ந்துவிட்டால், ஓட்டுநர் கடிவாளத்தை இழுத்து நடைக்குத் திருப்பியாக வேண்டும். நடையும் இருவகைப்படும். முன்காலும் எதிர்ப்பக்கத்துப் பின்காலும் சேர்ந்தெழுவது ‘டிராட்’. ஒரே பக்கத்துக் கால்கள் சேர்ந்தெழுவது ‘பேஸ்’.

சர்வதேச டிராட்டிங் சங்கத்துக்குத் தலைவலி இங்கேதான். பிரான்சில் ‘டிராட்’ மட்டுமே. ஆஸ்திரேலியாவிலோ ‘பேஸ்’தான் பெரும்பான்மை. அமெரிக்கர் மைலுக்கு, அதாவது 1,609 மீட்டருக்கு, நேரம் கணிப்பர். ஐரோப்பியர் கிலோமீட்டருக்குக் கணிப்பர். எந்தக் குதிரை விரைவானது என்ற கேள்விக்கே விடை எளிதன்று!

சங்கமோ பல நாட்டு அமைப்புகளின் கூட்டு. விதி வகுப்பது அந்தந்த நாடே. ஆனால் ஓரிடத்தில் தடைபெற்ற ஓட்டுநர் வேறிடத்தில் வண்டியேறினால், தடைக்கு என்ன பொருள்? நாடுகள் ஒருவர் தீர்ப்பை மற்றவர் மதித்தாலன்றி இதற்கு வழியில்லை.

1970-இல் தொடங்கிய உலக ஓட்டுநர் போட்டியில் சொந்தக் குதிரைக்கு இடமில்லை. ஒதுக்கிய குதிரையைத்தான் ஓட்ட வேண்டும்.