தெம்புராவும் நம் பஜ்ஜியும்: ஒரு சமையலறைப் பாடம்

ஜப்பானியரின் தெம்புராவைப் பார்க்கும் நம்மவர் பலரும் "இது நம்ம பஜ்ஜிதானே!" என்று சொல்லிவிடுகிறார்கள். பாதி சரி. காய்கறியை மாவில் தோய்த்து எண்ணெயில் பொரிப்பது வரை இரண்டும் ஒன்றே. ஆனால் பஜ்ஜி மாவு கரைப்பது போலவே தெம்புரா மாவையும் அடித்துக் கரைத்தால், கிடைப்பது ரப்பர் உறை போட்ட கத்தரிக்காய்தான். காரணம் தெரிந்துகொண்டால் வண்டிப்பெரியார் கடைத்தெருவில் கிடைக்கும் பொருட்களைக் கொண்டே நல்ல தெம்புரா செய்யலாம்.

முதலில் சிறிது வரலாறு. 1503-இல் கொச்சியில் கோட்டை கட்டிய அதே போர்ச்சுகீசியர் 1543-இல் ஜப்பானின் தனேகாஷிமா தீவில் கால் வைத்தார்கள். பின்னர் கோவா, மலாக்கா, மக்காவ் வழியாக நாகசாகிக்கு அவர்கள் கப்பல்கள் போய்வந்தன. 1639-இல் ஜப்பான் அவர்களை முற்றிலுமாக விலக்கியது. ஆனால் மாவில் தோய்த்துப் பொரிக்கும் பழக்கம் அங்கே தங்கிவிட்டது. போர்ச்சுகலில் இன்றும் பீன்ஸை மாவில் தோய்த்துப் பொரித்து, "தோட்டத்து மீன் குஞ்சுகள்" என்ற பொருள்படும் பெயரில் உண்கிறார்கள். தெம்புரா என்ற சொல், இறைச்சி தவிர்க்கும் விரத நாட்களைக் குறிக்கும் "தெம்போரா" என்பதிலிருந்து வந்தது என்பர் சிலர். சுவையூட்டுதலைக் குறிக்கும் "தெம்பெரு" என்பதே மூலம் என்பர் வேறு சிலர். பஜ்ஜியையும் அவர்கள்தான் கொடுத்தார்கள் என்று நான் சொல்ல வரவில்லை. அதற்குள் வைக்கும் மிளகாய் மட்டும் அவர்கள் கப்பலில் வந்தது.

இனிப் பாடத்துக்கு வருவோம். மைதாவில் உள்ள புரதம் தண்ணீருடன் சேர்ந்து, பிசையப் பிசைய, குளூட்டன் என்ற நார் வலையாகிறது. பரோட்டா மாஸ்டர் என்ன செய்கிறார்? மாவை நன்றாகப் பிசைகிறார், மணிக்கணக்கில் ஊற வைக்கிறார், அடித்து, வீசி, இழுக்கிறார். அவ்வளவும் இந்த வலையை வளர்ப்பதற்கே. தெம்புராவுக்கு வேண்டியது இதற்கு நேர் எதிர்: பிசையக் கூடாது, ஊறக் கூடாது, சூடு கூடாது. குளிர்ந்த நீரில் இந்த வலை மெதுவாகவே உருவாகும் என்பதால்தான் ஐஸ் தண்ணீர் கேட்கிறார்கள். கடலை மாவில் குளூட்டன் கிடையாது. அதனால்தான் பஜ்ஜி மாவை எவ்வளவு அடித்தாலும் நமக்குத் தண்டனை இல்லை.

மைதா பாக்கெட்டில் 100 கிராமுக்குப் புரதம் 10 கிராம் என்று போட்டிருந்தால், 100 கிராம் மைதாவுடன் 25 கிராம் கார்ன்ஃப்ளவர் சேருங்கள். கார்ன்ஃப்ளவரில் புரதம் இல்லை என்றே சொல்லலாம். ஆகவே கலவையில் புரதம் 8 சதவீதமாக இறங்கிவிடும். ஒரு முட்டையை அளவுக் குவளையில் உடைத்து ஊற்றி, ஐஸ் தண்ணீர் விட்டு 200 மில்லியாக்கிக் கலக்குங்கள். முட்டை வேண்டாதவர்கள் 200 மில்லி ஐஸ் தண்ணீரோடு ஒரு சிட்டிகை சமையல் சோடா சேர்த்தால் போதும். இந்த நீரில் மாவைக் கொட்டி, இரண்டு குச்சிகளாலோ முள்கரண்டியாலோ பத்துப் பதினைந்து முறை மட்டும் கிளறுங்கள். கட்டி கட்டியாக, அரைகுறையாகக் கரைத்தது போலத் தெரியும். நம் வீட்டுப் பெண்மணிகள் பார்த்தால் கரண்டியைப் பிடுங்கிக்கொள்வார்கள்; கொடுத்துவிடாதீர்கள்! எண்ணெய் காய்ந்த பிறகே மாவைக் கரைக்க வேண்டும் என்பதும் முக்கியம்.

எண்ணெய்க்கு வருவோம். காய்கறிக்கு 170 டிகிரி, இறால், மீனுக்கு 180 டிகிரி செல்சியஸ். நம் ஊர் 800 மீட்டருக்கு மேல் இருப்பதால் தண்ணீர் இங்கே சுமார் 97 டிகிரியிலேயே கொதித்துவிடுகிறது. எண்ணெய்க்கு அந்தச் சலுகை இல்லை. வெப்பமானி இல்லாதவர்கள் ஒரு சொட்டு மாவை விட்டுப் பாருங்கள். அடிவரை போய் மெதுவாக எழுந்தால் சூடு போதாது. பாதி ஆழம் போய் மேலே வந்தால் சரி. மேற்பரப்பிலேயே சிதறினால் சூடு அதிகம். தேங்காய் எண்ணெய் இதற்கு வேண்டாம். செக்கில் ஆட்டியது இந்த வெப்பத்திலேயே புகையத் தொடங்கும், மணமும் காயை மறைத்துவிடும். ரீஃபைண்ட் சூரியகாந்தி எண்ணெயோ தவிட்டு எண்ணெயோ நல்லது. டோக்கியோ பக்கம் எள்ளெண்ணெய் கலப்பது மரபு.

ஒரே நேரத்தில் நிறையப் போடாதீர்கள் என்று எல்லோரும் சொல்வார்கள். ரயில்வேயில் கணக்குப் போட்டே பழகிவிட்ட எனக்குக் காரணத்தையும் சொல்லாமல் இருக்க முடியவில்லை. ஒரு கிராம் தண்ணீர் ஆவியாக ஏறக்குறைய 2,260 ஜூல் வெப்பம் வேண்டும். ஒரு கிராம் எண்ணெயை ஒரு டிகிரி சூடாக்க 2 ஜூல் போதும். ஒரு லிட்டர் எண்ணெய் சுமார் 920 கிராம். ஆகவே மாவிலிருந்தும் காயிலிருந்தும் 20 கிராம் நீர் ஆவியானால், அடுப்பு ஈடு கொடுக்காவிட்டால், எண்ணெய் 25 டிகிரி இறங்கிவிடும். பிறகு உறை மொறுமொறுப்பாகாது, எண்ணெயைத்தான் குடிக்கும். எண்ணெய்ப் பரப்பில் பாதிக்கு மேல் நிரப்ப வேண்டாம்.

கம்பத்திலிருந்து குமுளி வழியாக நம் சந்தைக்கு வரும் கத்தரிக்காய், பீன்ஸ், கேரட், பூசணி எல்லாமே ஏற்றவை. சர்க்கரைவள்ளிக் கிழங்கை அரை சென்டிமீட்டர் தடிமனில் நறுக்குங்கள். மூன்று நிமிடம் ஆகும். கத்தரிக்கும் பீன்ஸுக்கும் இரண்டு நிமிடம். காயைத் துணியால் ஈரம் போகத் துடைத்து, உலர்ந்த மைதாவில் ஒருமுறை புரட்டிய பிறகே கரைத்த மாவில் தோய்க்க வேண்டும். முழு மிளகாய், வெண்டைக்காய் இரண்டையும் கீறாமல் போட்டால் உள்ளே நீராவி அடைபட்டு வெடிக்கும். முகத்தில் எண்ணெய் தெறிக்கும். வாணலியில் பாதிக்கு மேல் எண்ணெய் வேண்டாம். தப்பித் தவறி எண்ணெய் தீப்பிடித்தால் தண்ணீர் ஊற்றவே கூடாது. கேஸை அணைத்துத் தட்டால் மூடி, ஆறும் வரை திறக்காதீர்கள்.

மிஞ்சிய எண்ணெயைத் துணியில் வடிகட்டி, ஓரிரு நாளில் தாளிப்பதற்குச் செலவழித்துவிடலாம். பொரிக்கப் பொரிக்க எண்ணெயில் கெட்ட சேர்மங்கள் பெருகுகின்றன. அவை 25 சதவீதத்தைத் தாண்டிய எண்ணெயைப் பயன்படுத்தக் கூடாது என்ற விதி 2018 ஜூலை 1 முதல் நம் நாட்டில் அமலில் உள்ளது. வீட்டில் அளக்கக் கருவி இல்லை. கறுத்து, நுரைத்து, சீக்கிரம் புகைந்தால் கொட்டிவிட வேண்டியதுதான்.

தொட்டுக்கொள்ள, காய்ந்த காளான் ஊறிய நீர் நான்கு பங்கு, சோயா சாஸ் ஒரு பங்கு, சிறிது சர்க்கரை சேர்த்துச் சூடாக்கி, துருவிய முள்ளங்கி போடுங்கள். வெறும் உப்பும் போதும். மழைக்காலத்தில் நம் மலைக்காற்றின் ஈரத்துக்கு அந்த மொறுமொறுப்பு ஐந்து நிமிடம்கூடத் தாங்காது. எல்லாவற்றையும் பொரித்து அடுக்கிவிட்டுப் பரிமாறலாம் என்று நினைக்காமல், எடுக்க எடுக்கத் தட்டில் போடுங்கள். பொரிப்பவர் கடைசியில்தான் உட்கார முடியும் என்பதால், முதல் தடவை நான்கு பேருக்கு மேல் அழைக்க வேண்டாம்.