கட்டிப் புரண்டால் சண்டையா?

அண்ணனும் தம்பியும் பாயில் கட்டிப் புரள்வார்கள். அடுக்களையிலிருந்து "டேய், சண்டை போடாதீங்கடா!" என்று குரல் வரும். அது சண்டைதானா என்று எட்டிப் பார்க்கிறவர் குறைவு. சின்னப் பிள்ளைகளின் அடிபிடியைப் பற்றி நம் வீடுகளில் கேள்வி கேட்காமல் புழங்குகிற நம்பிக்கைகள் சிலவற்றை இந்த முறை பார்ப்போம்.

நம்பிக்கை: விளையாட்டு வினையாகும்.

உண்மை: அபூர்வமாகத்தான் ஆகிறது. பிரிட்டனில் பீட்டர் ஸ்மித், அமெரிக்காவில் அந்தோணி பெல்லெக்ரினி போன்ற உளவியலாளர்கள் ஆரம்பப் பள்ளி மைதானங்களில் இதைப் பல ஆண்டுகள் கவனித்தார்கள். மெய்ச்சண்டையாக முடிந்த பொய்ச்சண்டைகள் நூற்றுக்கு ஒன்று என்ற அளவில்தான் இருந்தன. ஆசிரியர்களைக் கேட்டால், ஏறக்குறைய மூன்றில் ஒன்று அப்படி முடிவதாகச் சொன்னார்கள்! ஒரு விதிவிலக்கு உண்டு. மற்றவர்கள் சேர்த்துக்கொள்ளாமல் ஒதுக்கிவைத்த பிள்ளைகளிடம் விளையாட்டு வினையாவது அதிகம். அவர்கள் பக்கத்தில் பெரியவர் ஒருவர் இருப்பது நல்லது.

இரண்டையும் பிரித்தறிய முகத்தைப் பார்த்தாலே போதும். பொய்ச்சண்டையில் வாய் திறந்திருக்கும், சிரிப்புச் சத்தம் கேட்கும். ஓங்குகிற வேகத்தில் அடி விழாது. மேலே உட்கார்ந்திருந்தவன் சற்று நேரத்தில் கீழே கிடப்பான். பலசாலி வேண்டுமென்றே தோற்றுப்போவான். அப்படித் தோற்காவிட்டால் அடுத்தவன் விளையாட வரமாட்டான் என்பது அவனுக்குத் தெரியும். முடிந்ததும் இருவரும் சேர்ந்தே அடுத்த விளையாட்டுக்கு ஓடுவார்கள். மெய்ச்சண்டையில் புருவம் நெரியும், பல் கடிபடும், ஒருவன் விலகி ஓடப் பார்ப்பான், சுற்றிலும் கூட்டம் கூடும். ஒரு முகத்தில் சிரிப்பும் இன்னொரு முகத்தில் பயமும் இருந்தால் அது விளையாட்டு இல்லை. உடனே நிறுத்திவிடுங்கள்.

மற்றபடி, இடத்தையும் விதியையும் மட்டும் பார்த்துக்கொண்டால் போதும். மாடிப்படி, கட்டில் விளிம்பு பக்கம் வேண்டாம். கையில் பென்சிலோ குச்சியோ இருக்கக் கூடாது. கழுத்தையும் கண்ணையும் தொடக் கூடாது. 'போதும்' என்றால் பிடியை விட வேண்டும். இந்தக் கடைசி விதியைப் பழக்க, உப்புமூட்டை தூக்குகிற அப்பாவைவிடப் பொருத்தமான ஆள் கிடையாது. கிச்சுகிச்சு மூட்டும்போது குழந்தை 'போதும்' என்றதும் அவர் கையை எடுத்துவிட வேண்டும், அவ்வளவுதான்.

பெண் குழந்தைகளுக்கும் இதெல்லாம் பொருந்தும். "பொம்பளப் பிள்ளையா அடக்கமா இரு" என்று அவர்களை மட்டும் பாயிலிருந்து எழுப்பிவிடுவதற்கு ஒரு நியாயமும் இல்லை.

நம்பிக்கை: இரண்டு வயதிலேயே இப்படி அடிக்கிறான், வளர்ந்தால் ரவுடிதான்.

உண்மை: மனிதன் அதிகமாகக் கை நீட்டுவதே அந்த வயதில்தான். கனடாவின் மாண்ட்ரியலில் ரிச்சர்ட் டிரெம்ப்ளே குழுவினர் பிள்ளைகளைப் பல ஆண்டுகள் தொடர்ந்து ஆராய்ந்தார்கள். அடிப்பது, தள்ளுவது, கடிப்பதெல்லாம் இரண்டிலிருந்து நான்கு வயதுக்குள் உச்சத்தைத் தொட்டு, பிறகு பெரும்பாலான பிள்ளைகளிடம் படிப்படியாகக் குறைவதைக் கண்டார்கள். அடிக்க யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை, அடக்கிக்கொள்ளத்தான் பழக வேண்டும் என்பது டிரெம்ப்ளேயின் முடிவு. "அது என்னுது, குடு" என்று சொல்ல வாய் வந்துவிட்டால் கைக்கு வேலை குறைகிறது.

நம்பிக்கை: கடித்தால் திருப்பிக் கடி, வலி தெரிந்தால் விட்டுவிடுவான்.

உண்மை: தனக்கு வலித்ததை அடுத்தவர் வலியோடு சேர்த்துப் பார்க்கும் பக்குவம் இரண்டு வயதில் போதாது. பெரியவர்களும் கடிப்பார்கள் என்பது மட்டும் நன்றாகப் பதியும். 1961-இல் ஸ்டான்ஃபோர்டில் ஆல்பர்ட் பண்டுரா நடத்திய சோதனையில், பெரியவர் ஒருவர் பொம்மையை அடிப்பதைப் பார்த்த மழலைப் பள்ளிப் பிள்ளைகள் அதே அடியை, அதே சொற்களோடு அடித்துக் காட்டினார்கள். நம் வீட்டில் அந்தப் பொம்மையின் வேலையைத் தரை செய்கிறது. குழந்தை தடுக்கி விழுந்ததும், "தரைதானே அடிச்சுது? இதோ அடிச்சாச்சு!" என்று நாம் தரையை அடித்துக் காட்டுகிறோம். பழிக்குப் பழி என்னும் பாடம் நடக்கப் பழகும்போதே தொடங்கிவிடுகிறது. இந்த வழக்கத்தை விட்டுவிடலாம் என்பேன். பாட்டிமார் கோபித்தாலும் சரி.

கடித்த பிள்ளையின் கையைப் பிடித்து விலக்கி, "கடிக்கக் கூடாது, வலிக்கும்" என்று கண்ணைப் பார்த்து ஒரே வாக்கியத்தில் சொல்லுங்கள். பிறகு கடிபட்ட பிள்ளையை முதலில் கவனியுங்கள். தோல் கிழிந்திருந்தால் சோப்பும் ஓடும் தண்ணீரும் கொண்டு கழுவி, மருத்துவரிடம் காட்டுங்கள்.

நம்பிக்கை: தலையணையைக் குத்தினால் கோபம் தணியும்.

உண்மை: கூடும். 2002-இல் பிராட் புஷ்மன் கல்லூரி மாணவர்களிடம் செய்த ஆய்வில், கோபமூட்டியவரை நினைத்துக் குத்துப்பையைக் குத்தியவர்களுக்குத்தான் கோபம் அதிகமாக இருந்தது. சும்மா உட்கார்ந்திருந்தவர்கள் அவர்களைவிட அமைதியாக இருந்தார்கள்.

நம்பிக்கை: பெரியவன்தான் விட்டுக்கொடுக்க வேண்டும்.

உண்மை: எப்போதும் அவனே விட்டுக்கொடுத்தால், அழுதால் கிடைக்கும் என்று சின்னவன் கற்றுக்கொள்கிறான். காலையில் காய் விட்டவர்கள் மாலைக்குள் பழம் விடுவார்கள். அடி விழாதவரை நீங்கள் நீதிபதியாக வேண்டாம்.

ஐந்து வயது தாண்டியும் அநேகமாகத் தினமும் மற்றவர்களைக் காயப்படுத்துகிற பிள்ளையை "போகப் போகச் சரியாகிவிடும்" என்று விட்டுவிடாதீர்கள். குழந்தை மருத்துவரிடம் அழைத்துப் போய், காது நன்றாகக் கேட்கிறதா, பேச்சு வயதுக்கேற்ப இருக்கிறதா என்பதை முதலில் பார்க்கச் சொல்லுங்கள்.