இரும்புக்கை மாயாவியின் பூர்வீகம்

கேள்வி: அறுவடை விடுமுறையில் களத்து வைக்கோல் போரில் சாய்ந்துகொண்டு இரும்புக்கை மாயாவி படித்து வளர்ந்தவன் நான். அவர் நம்மூர் ஹீரோவா, இறக்குமதியா?
– வாசகர், திருவையாறு

பதில்: இறக்குமதிதான். 1962 அக்டோபரில் லண்டனின் ‘வேலியன்ட்’ வார இதழில் பிறந்தவர். அங்கே பெயர் லூயிஸ் கிராண்டல். தொடக்கக் கதைகளை எழுதியவர் கென் பல்மர், பிறகு டாம் டல்லி. ஒளியும் நிழலுமாக அந்த உலகை வரைந்தவர் ஸ்பெயின் நாட்டு ஓவியர் ஹெசுஸ் பிளாஸ்கோ.

ஆய்வகத்தில் உதவியாளராக இருந்த கிராண்டல் விபத்தில் வலக்கையை இழந்து, எஃகுக் கை பொருத்திக்கொள்கிறார். மின்சாரம் பாய்ந்தால் உடல் மறையும். கை மட்டும் அந்தரத்தில் மிதக்கும். வேடிக்கை என்னவென்றால், முதல் கதையில் அவர் வில்லன்! பிறகே மனம் திருந்தி, ‘நிழற்படை’ என்ற ரகசிய அமைப்பின் உளவாளி ஆனார்.

தமிழுக்கு அவரை அழைத்து வந்தது சிவகாசி. 1972இல் சௌந்தரபாண்டியன் தொடங்கிய முத்து காமிக்ஸின் முதல் இதழே ‘இரும்புக்கை மாயாவி’தான். முல்லை தங்கராசன் ஆசிரியராக இருந்த காலம் அது.

இங்கிலாந்தில் வேலியன்ட் 1976இல் நின்றுபோனது. இங்கோ மாயாவி மறுபதிப்புகளில் ஓடிக்கொண்டே இருக்கிறார். பறக்கும் சக்தியோ மலையைப் பெயர்க்கும் பலமோ அவருக்கு இல்லை. ஒவ்வொரு முறையும் ஷாக் வாங்கித்தான் மறைய வேண்டும். பம்ப்செட் ஸ்விட்சை ஈரக்கையோடு தொட்டு அலறிய டெல்டாக்காரர்களுக்கு அந்த வீரத்தின் விலை தெரியாதா என்ன!