பை அச்சடிக்கும் முன் கணினியில் ஒரு மாதிரி

மஞ்சள் தூள், கேழ்வரகு மாவு, செக்கு எண்ணெய் என விளைபொருளைப் பதப்படுத்தித் தாமே விற்கும் உழவர்கள் பெருகி வருகின்றனர். பலரும் முதலில் ஓடுவது வண்ணப் பை அச்சடிக்கத்தான். உருளை அச்சில் ஒவ்வொரு நிறத்துக்கும் தனி உருளை செதுக்க வேண்டும். எனவே சில நூறு பைகள் மட்டும் அடிப்பது கட்டாது. ஆயிரக்கணக்கில் பை வந்து இறங்கிய பிறகு பிழை தெரிந்தால் போட்ட பணம் போனதுதான். நானறிந்த மஞ்சள் விவசாயி ஒருவரின் பைகள், உரிம எண்ணில் ஓர் இலக்கம் விட்டுப்போனதால், இன்னும் பரணில் கிடக்கின்றன.

இதைத் தவிர்க்கவே 'மாக்அப்' எனும் மாதிரிப் படம். வெற்றுப் பையின் படத்தின் மீது நமது லேபிளைப் பொருத்தினால், மடிப்புக்கும் நிழலுக்கும் ஏற்ப வளைந்து நிஜப் பை போலவே தெரியும். ஃபோட்டோஷாப் மென்பொருளுக்குச் சந்தா கட்ட வேண்டும். கேன்வாவைச் செல்போனிலேயே பயன்படுத்தலாம். பிளெண்டர் இலவசம், பாட்டிலைச் சுற்றிச் சுற்றிப் பார்க்கலாம். ஆனால் கற்பது கடினம், சிறு விவசாயிக்கு அவசியமுமில்லை. லேபிளை மில்லிமீட்டர் கணக்கில் வரைய இலவசமான இங்க்ஸ்கேப் போதும்.

படம் அழகாக இருப்பதில்தான் ஆபத்து. படத்தில் பை எப்போதும் புடைத்து நிற்கும். நமது 200 கிராம் மாவு அடியில் தங்கி, மேல்பாதி தொய்ந்துவிடும். ஆகவே லேபிளைச் சரியான அளவில் தாளில் அச்செடுத்து, பொருள் நிரப்பிய பையில் ஒட்டிப் பார்க்க வேண்டும். சூட்டில் ஒட்டும் ஓரத்தில் எழுத்து வரக்கூடாது. வீட்டுப் பெரியவரிடம் கொடுத்து விலையையும் எடையையும் படிக்கச் சொல்லுங்கள்; அவர் கண்ணைச் சுருக்கினால் எழுத்தைப் பெரிதாக்குங்கள்.

உணவுப் பாதுகாப்பு உரிம எண் 14 இலக்கம், எண்ணிப் பார்க்கவும். பச்சைச் சதுரத்துக்குள் பச்சை வட்டம், நிகர எடை, வரிகள் உட்பட அதிகபட்ச விலை, முகவரி ஆகியவற்றைச் சரிபார்த்து, தேதிக்கும் தொகுதி எண்ணுக்கும் வெற்றிடம் விடுக. சில மென்பொருள்களில் 'கொ', 'போ' போன்ற எழுத்துகள் சிதறும். அச்சகத்துக்குக் கோப்பு அனுப்பும்போது எழுத்துகளை வரைகோடாக மாற்றி அனுப்பினால் அங்கே மாறாது. ஆனால் பிறகு திருத்த இயலாது. அசல் கோப்பைத் தனியே வைத்துக்கொள்ளவும்.

திரையில் பளிச்சிடும் மஞ்சள், மையில் மங்கும். அச்சகத்தாரிடம் ஒரு மாதிரித் தாள் கேட்டு வாங்கிப் பார்த்த பின்பே சம்மதம் சொல்லுங்கள். முதல் பருவத்தில் அச்சில்லாப் பையில் லேபிள் ஒட்டி விற்பதே நல்லது. விற்பனை நிலைத்த பின் உருளை செதுக்கக் கொடுக்கலாம்.